சப்போரோ டோமை விட்டு ஃபைட்டர்ஸ் ஏன் போனது? கல்லாப்பெட்டி யார் கையில் என்ற கணக்கு

ஜப்பானின் வடகோடித் தீவான ஹொக்கைடோவில், கிதாஹிரோஷிமா என்ற சிறு நகரத்தில், 2023 மார்ச் 30 அன்று எஸ்கான் ஃபீல்ட் என்ற புதிய பேஸ்பால் மைதானம் தன் முதல் லீக் ஆட்டத்தைப் பார்த்தது. கட்டுமானச் செலவு சுமார் 6,000 கோடி யென். (ஒரு யென் நம் கணக்கில் 55, 60 காசு என்று வைத்துக்கொள்ளலாம்.) கூரை திறந்து மூடும். வெந்நீர்த் தொட்டியில் கழுத்தளவு உட்கார்ந்துகொண்டே ஆட்டம் பார்க்கலாம். சொந்தக்கார அணி ஹொக்கைடோ நிப்பான் ஹாம் ஃபைட்டர்ஸ்.

இந்த அணி அதற்கு முன் 19 ஆண்டுகள் ஆடிய சப்போரோ டோம் என்ற கூரை மூடிய மைதானம் பக்கத்து நகரமான சப்போரோவிலேயே இருக்கிறது. 2001-இல் 4,220 கோடி யென் செலவில் கட்டியது. இடிந்து விழும் நிலையிலெல்லாம் இல்லை. ஆனால் அணி போன முதல் நிதியாண்டிலேயே அதை நடத்தும் நிறுவனம் சுமார் 65 கோடி யென் நட்டக் கணக்கு காட்டியது. பெயர் உரிமையை விற்கப் பார்த்தார்கள். ஆரம்பத்தில் வாங்க ஆள் வரவில்லை.

நன்றாக ஓடிக்கொண்டிருந்த மைதானத்தை விட்டுவிட்டு, கடன் வாங்கிப் புதிதாகக் கட்டும் அளவுக்கு ஒரு அணிக்கு என்ன வந்தது? ஜப்பானிய பேஸ்பாலில் பணம் எந்த வழியாக ஓடுகிறது என்று பார்த்தால்தான் இது புரியும்.

## அடிப்படை: அணிக்கு ஒரு முதலாளி, மைதானத்துக்கு வேறொரு முதலாளி

ஜப்பானின் தொழில்முறை பேஸ்பாலில் 12 அணிகள். சென்ட்ரல் லீக்கில் ஆறு, பசிபிக் லீக்கில் ஆறு. ஒவ்வோர் அணியும் பருவத்துக்கு 143 ஆட்டங்கள் ஆடும், அதில் பாதி சொந்த மைதானத்தில். கிரிக்கெட் ரசிகர்களுக்கு இந்த எண்ணிக்கை மலைப்பாக இருக்கும். ஆனால் மைதானத்தின் வரவு செலவைப் புரிந்துகொள்ள இதுதான் முதல் தகவல்: ஒரு பேஸ்பால் அணி வாடகைக்கு இருந்தால், ஆண்டில் அறுபது எழுபது நாட்களுக்குக் கூட்டம் உறுதி. கால்பந்து அணியால் இருபது நாள் தேறினால் பெரிது.

அணிகளின் பெயரில் ஊரைவிட முன்னால் நிற்பது நிறுவனத்தின் பெயர். யொமியூரி செய்தித்தாள் நிறுவனம், ஹான்ஷின் ரயில் நிறுவனம், யாகுல்ட் பான நிறுவனம், நிப்பான் ஹாம் இறைச்சி நிறுவனம். இதற்குப் பின்னால் ஒரு வரி விதி இருக்கிறது. 1954-இல் ஜப்பானின் தேசிய வரித்துறை ஒரு சுற்றறிக்கை விட்டது. அணிக்கு ஏற்படும் நட்டத்தைத் தாய் நிறுவனம் ஈடுகட்டினால், அந்தத் தொகையைத் தன் விளம்பரச் செலவாகக் கணக்கில் காட்டலாம் என்றது அது.

விளைவு எளிது. அணி நட்டத்தில் ஓடினாலும் கவலையில்லை. தினமும் செய்தித்தாளில் நிறுவனத்தின் பெயர் வருகிறதே, அது போதும். அப்படி நினைக்கும் முதலாளி மைதானத்தில் பீர் விற்ற காசு யாருக்குப் போகிறது என்று ஏன் மண்டையை உடைத்துக்கொள்ளப் போகிறார்? பல பத்தாண்டுகள் பெரும்பாலான அணிகள் யாரோ ஒருவருடைய மைதானத்தில் வாடகைக்கே ஆடின. ஹான்ஷின் ஒரு விதிவிலக்கு. அதன் கோஷியென் மைதானத்தை 1924-இல் கட்டியதே ரயில் நிறுவனம்தான். ஆட்டம் பார்க்க வருகிறவர்கள் அதன் ரயிலில் வருவார்கள் என்ற கணக்கு. செய்பு அணியின் டோமும் ரயில் நிறுவனத்தின் சொந்தச் சொத்து.

## 2004: பழைய கணக்கு உடைந்த ஆண்டு

ஒசாகாவில் கின்டெட்சு பஃபலோஸ் என்று ஓர் அணி இருந்தது. 1997-இல் திறந்த ஒசாகா டோமுக்கு அது குடிபோனது. வாடகை கனமானது, தாய் நிறுவனமான ரயில் கம்பெனியோ கடனில் இருந்தது. 2004-இன் தொடக்கத்தில் அணியின் பெயர் உரிமையை விற்கப் பார்த்தது, எதிர்ப்பு வந்து கைவிட்டது. ஜூனில் ஓரிக்ஸ் அணியோடு இணையப் போவதாக அறிவிப்பு வந்தது.

ஆட்டக்காரர்கள் கொதித்தார்கள். செப்டம்பர் 18, 19 தேதிகளில் ஜப்பான் பேஸ்பால் வரலாற்றின் முதல் வேலைநிறுத்தம் நடந்தது. இணைப்பு நிற்கவில்லை, ஆனால் அணிகளின் எண்ணிக்கை குறையக்கூடாது என்று முடிவாகி, ராகுடென் என்ற இணைய வணிக நிறுவனம் செண்டாய் நகரில் புது அணியைத் தொடங்கியது.

இந்தக் களேபரத்துக்குப் பிறகு அணிகள் ஒன்றைப் புரிந்துகொண்டன. தாய் நிறுவனம் காலமெல்லாம் கைகொடுக்கும் என்று நம்பி இருக்க முடியாது. சொந்தக் காலில் நிற்க வேண்டுமானால் டிக்கெட் பணம் மட்டும் போதாது, மைதானத்துக்குள் நடக்கும் எல்லா வியாபாரமும் வேண்டும். அதன் பிறகு ஒவ்வோர் அணியும் ஒவ்வொரு வழியைப் பிடித்தது.

1. விலைக்கு வாங்குவது. சாஃப்ட்பேங்க் நிறுவனம் ஃபுகுவோகா டோமை 8,700 கோடி யென்னுக்கு வாங்குவதாக 2012-இல் அறிவித்தது. அதுவரை ஆண்டுக்குச் சுமார் 500 கோடி யென் வாடகை கட்டிக்கொண்டிருந்த அணி அது.

2. மைதான நிறுவனத்தின் பங்குகளை வாங்குவது. டீஎன்ஏ நிறுவனம் யோகோஹாமா அணியை 2011 இறுதியில் வாங்கியபோது டிக்கெட் வருமானத்தில் பெரும் பங்கு மைதான நிறுவனத்துக்குப் போய்க்கொண்டிருந்தது. 2016-இல் சுமார் 740 கோடி யென் கொடுத்து அந்த நிறுவனத்தையே கைப்பற்றியது. இருக்கை, உணவு, பீர், விளம்பரம் எல்லாம் ஒரே கைக்கு வந்தன. 2011-இல் 11 லட்சமாக இருந்த ஆண்டுப் பார்வையாளர் எண்ணிக்கை 2019-இல் 22 லட்சத்தைத் தாண்டியது.

3. கட்டடம் அரசுடையது, நிர்வாகம் அணியுடையது. 2003-இல் உள்ளாட்சிச் சட்டத்தில் ஒரு திருத்தம் வந்தது. பொதுக் கட்டடங்களை நடத்தும் பொறுப்பைத் தனியார் நிறுவனத்திடமும் ஒப்படைக்கலாம் என்று அது வழிவிட்டது. இப்படிப் பொறுப்பேற்பவரை நியமன நிர்வாகி என்று சொல்லலாம். சிபாவில் லொட்டே அணியும், 2009-இல் திறந்த புதிய மைதானத்தில் ஹிரோஷிமா கார்ப் அணியும் இந்த வழியில் போனவை. செண்டாயில் ராகுடென் மாநில அரசிடம் வேறு வகை அனுமதி பெற்று, மைதானத்துக்குள் ராட்டினம் வரைக்கும் வைத்துவிட்டது.

4. மேலே சொன்ன எதுவும் நடக்காவிட்டால், வெளியேறுவது. இந்த வழியை எடுத்தது ஃபைட்டர்ஸ்.

## சப்போரோ டோம் யாருக்காகக் கட்டப்பட்டது

இந்த டோம் பேஸ்பாலை முதலில் மனதில் வைத்துப் பிறக்கவில்லை. 2002 உலகக் கோப்பைக் கால்பந்துப் போட்டிக்காகப் பிறந்தது. ஹரா ஹிரோஷி என்ற கட்டடக் கலைஞரின் வடிவமைப்பு. வெள்ளி நிறத்தில் வழவழவென்று இருக்கும். பனி தங்காமல் வழுக்கி விழ வேண்டும் என்பதும் காரணம்.

உலகக் கோப்பைக்கு இயற்கைப் புல் கட்டாயம். கூரைக்கு அடியில் புல் வளராது. இதற்கு அவர்கள் கண்டுபிடித்த தீர்வு பொறியியலில் அசாத்தியமானது. கால்பந்துத் திடல் முழுவதையும் 120 மீட்டர் நீளம், 85 மீட்டர் அகலமுள்ள பெரிய தட்டின்மேல் வளர்த்தார்கள். எடை 8,300 டன். சாதாரண நாட்களில் அது வெளியே வெயிலில் கிடக்கும். ஆட்டம் வரும்போது அடியில் காற்றைச் செலுத்தி எடையின் பெரும்பகுதியைக் காற்றழுத்தத்தின்மேல் ஏற்றி, சக்கரங்களில் மெல்ல மெல்ல உள்ளே நகர்த்துவார்கள். ஆட்டம் முடிந்ததும் திரும்ப வெளியே.

அப்படியானால் பேஸ்பாலுக்கு? திடல் வெளியே போனபின் மிஞ்சுவது கான்கிரீட் தரை. அதன்மேல் செயற்கைப் புல்லைப் பாய் விரிப்பதுபோல் விரிக்க வேண்டும், கால்பந்து வந்தால் சுருட்டி எடுக்க வேண்டும். சுருட்ட வேண்டுமென்றால் தடிமனாகவும் மெத்தென்றும் இருக்க முடியாது. பேட்டரிடமிருந்து தள்ளியிருக்கும் வெளிக்களத்தில் பாய்ந்து பந்து பிடிக்கும் ஆட்டக்காரருக்கு அடியில் இருப்பது மெல்லிய விரிப்பும் கான்கிரீட்டும். முழங்கால், இடுப்பு, முதுகு என்று ஆட்டக்காரர்கள் வெகுகாலம் புலம்பியது இதைப் பற்றித்தான்.

பார்வையாளர் பக்கமும் இதே கதை. கால்பந்துக்கும் பேஸ்பாலுக்கும் பொதுவான கிண்ணம் என்பதால் இருக்கைகள் களத்திலிருந்து தள்ளி நின்றன. வெளிக்களச் சுவர் 5.75 மீட்டர் உயரம். பந்தைச் சுவருக்கு மேலே பறக்கவிடும் ஹோம் ரன் அடிப்பது கடினம். அதைவிட, பந்து பிடிக்க வரும் ஆட்டக்காரரைக் கிட்டே பார்க்கும் சுகம் ரசிகருக்கு இல்லை.

## குடிவந்தவர் பெற்றதும் கொடுத்ததும்

ஃபைட்டர்ஸ் முதலில் தோக்கியோ அணி. தோக்கியோ டோமை யொமியூரி ஜெயண்ட்ஸ் என்ற பெரிய அணியோடு பகிர்ந்துகொண்டு, அதன் நிழலில் காலம் தள்ளியது. 2004-இல் சப்போரோவுக்கு இடம் மாறியது. ஹொக்கைடோவுக்குச் சொந்தமாக ஒரு தொழில்முறை பேஸ்பால் அணி கிடைத்தது அப்போதுதான். 2006-இல், 44 ஆண்டுகளுக்குப் பிறகு, இரு லீக்குகளின் சாம்பியன்களும் மோதும் ஜப்பான் தொடரை வென்றது. டார்விஷ் யூ, ஓதானி ஷோஹெய் என்று பின்னாளில் அமெரிக்காவை அசத்தியவர்கள் இங்கே வளர்ந்தார்கள். 2016-இல் மீண்டும் பட்டம். ஊரே கொண்டாடியது.

கணக்குப் புத்தகத்தில் மட்டும் கொண்டாட்டம் இல்லை. டோம் சப்போரோ மாநகராட்சியின் சொத்து. அதை நடத்துவது மாநகராட்சி பெரும்பங்கு வைத்திருக்கும் அரசு-தனியார் கூட்டு நிறுவனம். ஃபைட்டர்ஸ் வெறும் வாடகைதாரர். சமையல்காரர், அலங்காரக்காரர், பாட்டுக்காரர் எல்லாம் மண்டபத்துக்காரர் சொல்பவர்தான் என்று நிபந்தனை போடும் கல்யாண மண்டபத்தை எடுத்தவரின் நிலை அது:

1. ஆட்ட நாள் வாடகை, கூட்டத்தைப் பொறுத்துக் கூடும். விளம்பர இடத்துக்கான தொகை, துப்புரவு, பாதுகாப்பு எல்லாம் சேர்த்தால் ஆண்டுக்கு 100 கோடி யென்னுக்கு மேல் என்று ஜப்பானியப் பத்திரிகைகள் கணக்குப் போட்டன.

2. உணவு, பானக் கடைகளின் வருமானம் டோம் நிறுவனத்துக்கு. இரவு ஆட்டத்தில் ரசிகர் குடிக்கும் பீரில் அணிக்குப் பைசா இல்லை.

3. இருக்கையை மாற்ற, களத்துக்குப் பக்கத்தில் புது வகை இருக்கை போட, கடை திறக்க என எதற்கும் சொந்தமாக முடிவெடுக்க முடியாது. பலவகைப் பயன்பாட்டுக்கான பொதுக் கட்டடம், பேஸ்பாலுக்காக மட்டும் மாற்ற முடியாது என்பது பதில்.

4. கால்பந்தோ கச்சேரியோ வந்தால் சாமான்களை ஒதுக்க வேண்டும். பயிற்சிக் கருவிகள் உட்பட.

இதில் இரண்டாவதும் மூன்றாவதும்தான் உண்மையான சண்டை. வாடகை அதிகம் என்பதை எந்த வாடகைதாரரும் சொல்வார். ஆனால் பேஸ்பால் மூன்று மணி நேரத்துக்கு மேல் நீளும் ஆட்டம். ஒன்பது இன்னிங்ஸ், ஒவ்வொன்றின் பாதியிலும் முடிவிலும் இடைவெளி. ரசிகர் தின்பார், குடிப்பார், சுற்றிப் பார்ப்பார், பொம்மை வாங்குவார். அந்தச் செலவு எதுவும் தன் கைக்கு வராது, அதைக் கூட்டவும் தனக்கு உரிமை இல்லை என்றால், அணி எத்தனை வெற்றி பெற்றாலும் வருமானத்துக்கு ஓர் உச்சவரம்பு வந்துவிடுகிறது.

## பேச்சு எங்கே முறிந்தது

ஃபைட்டர்ஸ் தன்னை நியமன நிர்வாகியாக்கும்படி கேட்டது. ஹிரோஷிமாவில் நடந்தது இங்கே ஏன் நடக்கக்கூடாது என்பது அதன் வாதம். மாநகராட்சி ஒத்துக்கொள்ளவில்லை.

மாநகராட்சியின் பக்கத்தையும் சொல்ல வேண்டும், பலர் இதைச் சொல்லாமலே கடந்துவிடுகிறார்கள். மக்கள் வரிப்பணத்தில் கட்டிய இடம் அது. கொன்சடோலே சப்போரோ கால்பந்து அணிக்கும் அதுதான் வீடு. கச்சேரி, கண்காட்சி எல்லாம் நடக்க வேண்டும். கட்டடத்தை ஒரு தனியார் பேஸ்பால் அணியின் கையில் கொடுத்தால் மற்றவர்கள் கதி என்ன? பெரும்பாலான ஆண்டுகள் லாபத்தில் ஓடிக்கொண்டிருந்த நிறுவனத்தை ஏன் கைமாற்ற வேண்டும்? சட்டத்தின்படி பார்த்தால் இதில் தவறில்லை. ஆனால் அந்த லாபத்தின் பெரும்பகுதி ஒரே வாடகைதாரரிடமிருந்து வருகிறது, அவர் எழுந்து போகலாம் என்பதை யாரும் தீவிரமாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. மாநகராட்சி சறுக்கிய இடம் அதுதான். வெளியேறினால் அணி எங்கே போகும், ஹொக்கைடோவில் வேறு டோம் ஏது என்ற தைரியம்.

2016-இல் புது மைதான யோசனை செய்திகளில் வெளியானது. சப்போரோ மாநகராட்சியும் விழித்துக்கொண்டு, நகரத்துக்குள்ளேயே சில இடங்களைக் காட்டியது. ஹொக்கைடோ பல்கலைக்கழக வளாகம், மகொமனாய் பூங்கா ஆகியவை பேசப்பட்டன. ஓரிடத்தில் பரப்பு போதாது, இன்னோரிடத்தில் அக்கம்பக்கத்தார் எதிர்ப்பு. 2018 மார்ச்சில் ஃபைட்டர்ஸ் கிதாஹிரோஷிமாவைத் தேர்ந்தெடுத்தது. அதே ஆண்டு நவம்பரில் கட்டுவது என்ற இறுதி முடிவு.

## அறுபதாயிரம் பேருக்கும் குறைவான ஊர்

பெயரைப் பார்த்துக் குழம்ப வேண்டாம். அணுகுண்டு விழுந்த ஹிரோஷிமா தெற்கே வெகுதூரத்தில் இருக்கிறது. இது அங்கிருந்து 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் குடிபெயர்ந்தவர்கள் உருவாக்கிய ஊர். சப்போரோவுக்கும் நியூ சித்தோசே விமான நிலையத்துக்கும் நடுவே ரயில் பாதையில் இருக்கிறது.

விளையாட்டுப் பூங்கா கட்டுவதற்கென்று ஒதுக்கி, பணமில்லாமல் பல பத்தாண்டுகள் காடாகவே கிடந்த நிலம் ஊரிடம் இருந்தது. அதைக் கொடுத்தது. சொத்து வரியைப் பத்து ஆண்டுகளுக்கு விலக்கியது. சாலை போட்டுத் தருவதாகச் சொன்னது. சப்போரோ நிபந்தனை போட்ட இடத்தில் இது கதவைத் திறந்துவிட்டது. சிறிய ஊருக்கு இழக்க அதிகம் இல்லை என்பதும் உண்மை.

மைதானத்தைச் சொந்தமாக வைத்து நடத்த 2019-இல் தனி நிறுவனம் அமைந்தது. நிப்பான் ஹாம், ஃபைட்டர்ஸ், டென்ட்சு விளம்பர நிறுவனம் ஆகியவை அதில் பங்குதாரர்கள். பெயர் உரிமையை எடுத்தது நிஹோன் எஸ்கான் என்ற வீட்டுமனை நிறுவனம். ஆண்டுக்கு 50 கோடி யென்னுக்கு மேல், பத்தாண்டுக்கு மேற்பட்ட ஒப்பந்தம் என்று பேசப்பட்டது. அந்த நிறுவனம் பெயர்ப் பலகையோடு நிற்கவில்லை, மைதானத்தின் பக்கத்திலேயே அடுக்குமாடிக் குடியிருப்பையும் கட்டியது. சுமார் 32 ஹெக்டேர் வளாகம் முழுவதற்கும் எஃப் வில்லேஜ் என்று பெயர்.

கட்டடத்தைப் பார்த்தால், டோமில் கிடைக்காத ஒவ்வொன்றையும் பட்டியல் போட்டு எதிர்ப்பதமாகக் கட்டியதுபோல் தெரியும்.

களத்தில் புல் வளர வேண்டும், ஆனால் ஹொக்கைடோவில் பனிக்காலம் நீளம். அதற்காக இரண்டு பக்கமும் சரியும் முக்கோணக் கூரை. அதன் ஒரு பாதி மற்றதன்மேல் நகர்ந்து திறக்கும். வெளிக்களத்துக்குப் பின்னால் சுமார் 70 மீட்டர் உயரத்தில் கண்ணாடிச் சுவர், வெயில் உள்ளே விழுவதற்கு. மண்ணுக்கு அடியில் வெப்பநிலையைக் கட்டுப்படுத்தும் குழாய்கள். இத்தனையும் செய்தும், முதல் பருவத்தில் உட்களத்துப் புல் படாத பாடு பட்டது; 2024-க்கு உட்களத்தில் செயற்கைப் புல் போட்டார்கள், வெளிக்களம் இயற்கையாகவே தொடர்கிறது. சப்போரோ டோமின் பொறியாளர்கள் முட்டாள்கள் இல்லை என்பதற்கு இதுவே சாட்சி.

களத்தின் வடிவமும் வேண்டுமென்றே ஒழுங்கற்றது. பேட்டர் நிற்கும் இடத்திலிருந்து சுவர் வரை இடது கோட்டில் 97 மீட்டர், வலதில் 99, நடுவில் 121. பந்து எங்கே மோதித் தெறிக்கும் என்று எளிதில் கணிக்க முடியாது. இடது வெளிக்களத்தில் டவர் 11 என்ற கட்டடம். டார்விஷும் ஓதானியும் அணிந்த எண் அது. வெந்நீர்க் குளியலும் சாவ்னாவும் விடுதியும் அதற்குள்ளேதான். மைதானத்துக்குள்ளேயே பீர் காய்ச்சி ஊற்றுகிறார்கள். இரண்டாம் தளத்தில் கேலரியைச் சுற்றி முழு வட்டமாக நடக்கலாம், நடந்துகொண்டே களத்தைப் பார்க்கலாம். இருக்கைக்கு மட்டும் காசு வாங்கிய காலம் போய், ரசிகர் உள்ளே கழிக்கும் நேரத்துக்குக் காசு வாங்கும் ஏற்பாடு இது.

## மூன்று மீட்டர் தகராறு

கட்டுமானம் முடியும் தறுவாயில், திறப்புக்கு ஐந்து மாதம்கூட இல்லாத 2022 நவம்பரில் வெடித்தது இந்தச் செய்தி. பலருக்குக் குழப்பம் தந்ததும் இதுதான்.

பேட்டர் நிற்கும் ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் ஒரு தடுப்புச் சுவர் உண்டு. ஜப்பானின் பேஸ்பால் விதிப்புத்தகம் இந்த இரண்டுக்கும் நடுவே 60 அடி, அதாவது 18.288 மீட்டர் இருக்க வேண்டும் என்றது. எஸ்கான் ஃபீல்டில் இருந்தது சுமார் 15 மீட்டர். ரசிகர் களத்தை ஒட்டி உட்கார வேண்டும் என்ற ஆசையின் விலை அது.

ஆட்டத்துக்கு இதனால் என்ன? பேட்டருக்குப் பின்னால் நிற்கும் கேட்சர் தவறவிட்ட பந்து விரைவில் சுவரில் மோதித் திரும்பும், ஓட்டக்காரர் அடுத்த தளத்துக்கு (பேஸ்) ஓடுவது கடினமாகும். பின்னால் உயரமாகத் தூக்கப்பட்ட பந்தைப் பிடித்து அவுட்டாக்க இடம் குறையும், அது பேட்டருக்கு லாபம். இரண்டு விளைவும் இரு அணிக்கும் சமம்தான்.

அப்புறம் எப்படி இப்படிக் கட்டினார்கள்? வடிவமைப்பில் பங்கெடுத்தது ஹெச்கேஎஸ் என்ற அமெரிக்க நிறுவனம். அமெரிக்க விதியில் 60 அடி என்பது பரிந்துரை. அங்கே பல மைதானங்களில் அதைவிடக் குறைவு. ஜப்பானிய விதியில் அதுவே கட்டாயமாக எழுதப்பட்டிருந்தது. மற்ற அணிகள் எதிர்ப்புக் குரல் கொடுத்தன. இரண்டு பருவ இடைவெளிகளில் இடித்துத் திருத்துவதாக ஃபைட்டர்ஸ் முதலில் ஒப்புக்கொண்டது. பிறகு 2023-இல் பிற அணிகளோடு பேசி, மன்னிப்புக் கேட்டு, இடிப்பதற்குப் பதிலாகப் பேஸ்பால் வளர்ச்சிக்கு நிதி தருவது என்று முடிந்தது. பின்னர் ஜப்பானிய விதியிலும் அந்த வரி பரிந்துரையாக மாறிவிட்டது. சுவர் இருந்த இடத்திலேயே இருக்கிறது.

## பிரிந்தபின் இரண்டு பக்கமும்

எஸ்கான் ஃபீல்டின் முதல் ஆட்டத்தில் ஃபைட்டர்ஸ் ராகுடெனிடம் 1-3 என்று தோற்றது. அந்தப் பருவம் முழுவதுமே அப்படித்தான்: பசிபிக் லீக்கில் கடைசி இடம். ஆனால் சொந்த ஆட்டங்களுக்கு வந்தவர்கள் சுமார் 18.8 லட்சம். முந்தைய ஆண்டு, அதுவும் கடைசி இடம்தான், சுமார் 12.9 லட்சம். கொரோனாத் தயக்கம் தீர்ந்ததும் புதுமையும் இதில் சேரும் என்றாலும், எஃப் வில்லேஜ் வளாகத்துக்கு அந்த ஆண்டு வந்தவர்கள் சுமார் 34.6 லட்சம் என்பதைக் கவனிக்க வேண்டும்: அதாவது ஆட்டத்துக்கு வந்தவர்களின் எண்ணிக்கையைவிட வெகு அதிகம். ஆட்டம் இல்லாத நாளிலும் கூட்டம் வருகிறது. 2024-இல் அணி இரண்டாம் இடம் பிடித்தது, ஆட்டத்துக்கு வந்தவர்கள் 20 லட்சத்தைத் தாண்டினார்கள்.

சப்போரோ டோமுக்கு நேர்ந்தது இதன் மறுபக்கம். ஆண்டில் அறுபது நாட்கள் நிரம்பிய இடம் காலியானது. அந்த ஓட்டையைக் கச்சேரிகளால் அடைக்க நினைத்தார்கள். நாற்பதாயிரம் பேர் கொள்ளும் இடத்தை நிரப்பும் பாடகர்கள் எத்தனை பேர்? அதனால் 100 கோடி யென்னுக்கு அருகில் செலவழித்து ராட்சத கறுப்புத் திரை ஒன்றை வாங்கினார்கள். டோமை மறைத்து இருபதாயிரம் பேருக்கான அரங்காகச் சுருக்கும் திரை. எதிர்பார்த்த அளவுக்கு யாரும் அதை வாடகைக்கு எடுக்கவில்லை. நட்டத்தை முன்பே மதிப்பிட்டிருந்தார்கள். வந்தது அதைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல்.

பெயர் உரிமையை 2024 ஜனவரியில் சந்தைக்குக் கொண்டுவந்து ஆண்டுக்கு 25 கோடி யென் கேட்டார்கள். கெடு முடிந்தது, நீட்டித்தார்கள். கடைசியில் தைவா ஹவுஸ் வீட்டுக் கட்டுமான நிறுவனம் நான்கு ஆண்டுகளுக்கு எடுத்துக்கொண்டது. 2024 ஆகஸ்டிலிருந்து அதன் பெயர் தைவா ஹவுஸ் பிரீமிஸ்ட் டோம். அந்தக் காசின் தயவில் 2024 நிதியாண்டில் சிறு லாபம் வந்தது. மீதமிருக்கும் முக்கிய வாடகைதாரர் கொன்சடோலே, 2024 பருவ முடிவில் இரண்டாம் பிரிவுக்கு இறங்கிவிட்டது.

## தீராத கணக்குகள்

எஸ்கான் ஃபீல்ட் எல்லாவற்றையும் சரியாகச் செய்துவிட்டது என்றும் சொல்ல முடியாது. பெரிய குறை போக்குவரத்து. சப்போரோ டோமுக்குச் சுரங்க ரயில் நிலையத்திலிருந்து பத்து நிமிட நடை. இங்கே கிதாஹிரோஷிமா நிலையத்திலிருந்து இருபது நிமிடத்துக்குக் குறையாத நடை, இல்லாவிட்டால் பேருந்துக்கு வரிசை. முப்பதாயிரம் பேர் ஒரே நேரத்தில் வெளியே வரும் இரவில் அந்த வரிசை எவ்வளவு நீளும் என்று சொல்லத் தேவையில்லை. எட்டாவது இன்னிங்ஸிலேயே எழுந்து நடப்பவர்கள் ஆட்டம் பிடிக்காமல் போகிறவர்கள் இல்லை.

இதற்காக மைதானத்தின் அருகில் புது ரயில் நிலையம் கட்டுகிறார்கள். ஊர் கேட்டுக் கட்டும் நிலையம் என்பதால் செலவுச் சுமை ஊர்ப் பக்கம் விழுகிறது. சொத்து வரியை விட்டுக்கொடுத்த அறுபதாயிரத்துக்கும் குறைவான மக்கள்தொகை கொண்ட ஊருக்கு இது சின்னத் தொகை அல்ல. நில மதிப்பு உயர்வும் புதிதாகக் குடியேறுவோரும் அதை ஈடுகட்டுவார்கள் என்பது ஊரின் கணக்கு. ஹொக்கைடோ சுகாதார அறிவியல் பல்கலைக்கழகம் தன் வளாகத்தை எஃப் வில்லேஜுக்கு மாற்றுவதாக அறிவித்திருக்கிறது. ஆட்டமில்லாத நாளிலும் ரயிலில் ஆள் ஏற அது உதவும்.

தலைநகரிலும் இதே கேள்விகள் கிளம்பியிருக்கின்றன. 1926-இல் திறந்த ஜிங்கு பேஸ்பால் மைதானத்தைப் பக்கத்து ரக்பி மைதானத்தோடு இடம்மாற்றிக் கட்டும் திட்டம், வெட்டப்படும் மரங்களுக்காகக் கடும் எதிர்ப்பைச் சந்தித்தது. 2024 அக்டோபரில் மரம் வெட்டத் தொடங்கினார்கள். பழைய த்சுகிஜி மீன் சந்தை இருந்த நிலத்தில் ஐம்பதாயிரம் பேருக்கான பல்நோக்கு அரங்கம் கட்டும் கூட்டமைப்பில் யொமியூரியும் இருக்கிறது. ஜெயண்ட்ஸ் அங்கே குடிபோகுமா என்று ரசிகர்கள் பேசிக்கொண்டிருக்கிறார்கள். பல்நோக்கு என்ற சொல்லைக் கேட்டதும் சப்போரோக்காரர்கள் கொஞ்சம் சிரிக்கக்கூடும்.

பல்கலைக்கழகம் இடம் மாறுவது 2028-இல். புது ரயில் நிலையம் திறப்பதாகச் சொல்லப்படுவதும் 2028 கோடையில். சப்போரோ டோமின் பெயர் உரிமை ஒப்பந்தம் முடிவதும் அதே கோடையில்தான்.